உலகம் விட்டு உலகம் தாவும் கதைகளை எழுதுவோருக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள எழுத்தாளர்களுக்கு,

வேற்றுலக வாசல்களையும் பரிமாணப் பயணங்களையும் வைத்துத் தமிழில் மிகுபுனைவு எழுதுகிறவர்களுக்கும், அதே மாதிரி உலகங்களைச் சித்திரக்கதையாகவும் விளையாட்டாகவும் செய்கிறவர்களுக்கும் இந்த மடலை எழுதுகிறேன். நான் உங்கள் வாசகன். நீங்கள் எழுதுவதைத் தேடித் தேடிப் படிக்கிறவன். அந்த உரிமையில் ஒரே ஒரு விஷயத்தைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகப் பேச வேண்டும்: உங்கள் உலகங்களில் காலத்தை அளக்க நீங்கள் உண்டாக்கும் அலகுகள்.

வழக்கமாக நடப்பது இதுதான். முதல் அத்தியாயத்தில் ஒரு புதுப் பெயர் வருகிறது. 'தோரன்' என்று வைத்துக்கொள்வோம். "மூன்று தோரன் கழித்துப் படை புறப்பட்டது." இரண்டு பக்கம் படித்ததும் தெரிந்துவிடுகிறது, தோரன் என்றால் ஒரு மணி நேரம். பெயர் மட்டும் புதிது. ஐந்தாவது அத்தியாயத்தில் நாயகி "ஒரு நிமிஷம் இரு" என்கிறாள். எட்டாவதில் "மறுநாள் காலை" விடிகிறது, இரண்டு சூரியன்கள் உள்ள உலகத்தில். தோரன் அதற்குள் எங்கோ தொலைந்துபோயிருக்கிறது. யாரும் அதைத் தேடுவதில்லை. கதைக்குள் அது ஒரு வேலையும் செய்யவில்லையே.

ஒரே உலகத்துக்குள் நடக்கிற கதை என்றால் இதைப் பெரிதுபடுத்த மாட்டேன். எல்லாருக்கும் ஒரே சூரியன், ஒரே பகல், ஒரே இரவு. இரண்டாவது உலகம் ஒன்று வந்துவிட்டால் நிலைமை வேறு. யாருடைய நாளைக் கணக்கில் எடுப்பது என்ற கேள்வி உடனே வந்து நிற்கிறது. கூலி, வட்டி, வயது, சிறைத்தண்டனை, 'திரும்பி வருகிறேன்' என்று கொடுத்த வாக்கு எல்லாம் அந்தக் கேள்விக்கான பதிலைப் பொறுத்தவை. நீங்கள் உண்டாக்கும் அலகு இரண்டு உலகங்களுக்கு இடையிலான ஓர் உடன்படிக்கை. அதை யார் எழுதினார்கள், யார் கையெழுத்துப் போட்டார்கள், யாரைக் கேட்கவே இல்லை என்பதை எங்களுக்குக் காட்டுங்கள். நான் கேட்பது அவ்வளவுதான்.

நம் உலகத்திலேயே இதற்குச் சான்று இருக்கிறது. ரயில் வருவதற்கு முன் இங்கிலாந்தில் ஒவ்வோர் ஊரும் தன் சூரியனைப் பார்த்துத் தன் மணியை வைத்துக்கொண்டது. பிரிஸ்டல் நகரம் லண்டனுக்குச் சுமார் 10 நிமிடம் பின்னால் இருந்தது. ரயில்கள் லண்டன் நேரத்தில் ஓடத் தொடங்கியதும் பிரிஸ்டலில் ஒரு பொதுக் கடிகாரத்துக்கு இரண்டு நிமிட முள்கள் வைத்தார்கள். ஒன்று ஊர் நேரத்துக்கு, இன்னொன்று லண்டன் நேரத்துக்கு. அந்தக் கடிகாரம் இன்றும் இரண்டு முள்ளோடு அங்கே இருக்கிறது. ரயிலைப் பிடிக்கப் போகிறவர் ஒரு முள்ளைப் பார்ப்பார், சந்தைக்கு வந்தவர் இன்னொன்றைப் பார்ப்பார். இதைவிட நல்ல வாசல் காட்சி எந்த மிகுபுனைவில் வந்திருக்கிறது? உங்கள் வேற்றுலக வாசலுக்குப் பக்கத்தில் இப்படி ஒரு கடிகாரம் தொங்கினால், எந்த முள் பெரியது, எந்த முள்ளுக்குப் பொன்முலாம் பூசியிருக்கிறது என்பதிலேயே இரண்டு உலகங்களின் உறவு தெரிந்துவிடும்.

அப்புறம் 1884. வாஷிங்டனில் 25 நாடுகள் கூடி, உலக நேரத்தை எண்ணத் தொடங்கும் முதன்மைத் தீர்க்கரேகை எது என்று வாக்கெடுத்தன. 22 நாடுகள் லண்டனில் உள்ள கிரீனிச்சுக்கு வாக்களித்தன. பிரான்ஸ் வாக்களிக்கவில்லை. பாரிஸ் நேரத்திலேயே பல ஆண்டுகள் ஓட்டியது. கடைசியில் 1911இல் ஒரு சட்டம் போட்டார்கள். நாட்டின் நேரம் 'பாரிஸ் நேரத்திலிருந்து 9 நிமிடம் 21 விநாடி குறைத்தது' என்றது சட்டம். கணக்குப் பார்த்தால் அது கிரீனிச் நேரமேதான். கிரீனிச் என்ற பெயரை மட்டும் சட்டத்தில் எழுதவில்லை. 9 நிமிடம் 21 விநாடியில் ஒரு நாட்டின் மானம் அடங்கியிருந்தது! உங்கள் கதையில் தோற்ற உலகம் ஒன்று, வென்ற உலகத்தின் அலகை வேறு வழியில்லாமல் ஏற்கும்போது இப்படித்தான் ஏற்கும். அலகு மாறும், சொல்ல மறுக்கும் பெயர் ஒன்று மிஞ்சும்.

நம் புராணத்திலும் இந்த வகைக் கதைக்கு மிகப் பழைய முன்மாதிரி உண்டு. ககுத்மி என்ற அரசர் தன் மகள் ரேவதிக்கு ஏற்ற மாப்பிள்ளை யார் என்று கேட்கப் பிரம்மாவின் உலகத்துக்கு மகளையும் கூட்டிக்கொண்டு போகிறார். அங்கே கந்தர்வர்கள் பாடிக்கொண்டிருக்கிறார்கள். பாட்டு முடியட்டும் என்று காத்திருந்து, மனதில் வைத்திருந்த பெயர்களை ஒவ்வொன்றாகச் சொல்கிறார். பிரம்மா சிரிக்கிறார். அந்தப் பாட்டு முடிவதற்குள் பூமியில் 27 சதுர்யுகங்கள் கடந்துவிட்டன. அரசர் சொன்ன மாப்பிள்ளைகள் மட்டுமா, அவர்களுடைய பேரன்களின் பெயரைக்கூட நினைவில் வைத்திருக்க ஆள் இல்லை. பிறகு பலராமனுக்கு ரேவதியைக் கொடுக்கிறார்கள். பழைய யுகத்துப் பெண்ணான அவள் புது யுகத்து மனிதர்களைவிட மிக உயரமாக இருக்கிறாள். பலராமன் தன் கலப்பையின் நுனியால் அவளை அழுத்தி உயரத்தைக் குறைத்ததாகக் கதை.

இதில் கவனிக்க வேண்டியது, 27 சதுர்யுகம் என்ற எண் யாரையும் உலுக்குவதில்லை. ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டு. மனித மனத்துக்கு அது வெறும் பூஜ்யங்கள். உலுக்குவது அந்தப் பெயர்ப் பட்டியல். அதைவிட அதிகமாக, திரும்பி வந்த பெண்ணின் உயரம். காலம் போன கணக்கு அவள் உடம்பில் தெரிகிறது, அதுவும் மற்றவர்கள் அவளைத் திருத்த வேண்டிய ஒன்றாக. ரேவதியை யாராவது ஒரு வார்த்தை கேட்டார்களா என்று எனக்கு எப்போதும் தோன்றும். அந்தக் கேள்வியை வைத்தே ஒரு நாவல் எழுதலாம்.

சரி, இப்போது அலகு எங்கிருந்து வருகிறது என்று பார்ப்போம். திரும்பத் திரும்ப நடக்கிற ஏதாவது ஒன்று இல்லாமல் கால அலகு இல்லை. ஓட்டைக் கிண்ணம் தண்ணீரில் மூழ்குவது, ஊசல் ஆடுவது, சூரியன் உச்சிக்கு வருவது. பழைய நாழிகை வட்டில் வேலை செய்தது அப்படித்தான். நாளுக்கு 60 நாழிகை, ஒவ்வொன்றும் நம் கணக்கில் 24 நிமிடம். இந்தக் கருவிகள் எல்லாம் தாங்கள் இருக்கும் இடத்துக்குக் கட்டுப்பட்டவை. 1672இல் ழான் ரிஷே என்ற பிரெஞ்சு வானியலாளர் ஓர் ஊசல் கடிகாரத்தோடு தென் அமெரிக்காவின் கயென்னுக்குப் போனார். பாரிஸில் சரியாக ஓடிய கடிகாரம் அங்கே நாளொன்றுக்கு இரண்டரை நிமிடம் பின்தங்கியது. ஊசலை 3 மில்லிமீட்டருக்கும் சற்றுக் குறைவாகச் சுருக்கிய பிறகுதான் சரியாக ஓடியது. நிலநடுக்கோட்டுக்கு அருகில் ஈர்ப்பு கொஞ்சம் குறைவு, அதனால் ஊசல் மெதுவாக ஆடியிருக்கிறது. ஒரே பூமியின் இரண்டு இடங்களுக்குள்ளேயே இப்படி. அதே ஊசலை நிலவுக்குக் கொண்டுபோனால் ஓர் ஆட்டத்துக்கு ஏறக்குறைய இரண்டரை மடங்கு நேரம் எடுக்கும்.

ஆகவே உங்கள் நாயகன் ஊசல் கடிகாரத்தைத் தோளில் தூக்கிக்கொண்டு இன்னோர் உலகத்துக்குள் நுழைந்தால், அந்தக் கடிகாரம் பொய் சொல்லும். அவன் அதை நம்பி வாசலுக்குத் தாமதமாக வருவான். கதை தானாகவே கிடைக்கிறது பாருங்கள்.

மூன்று நான்கு உலகம் சுற்றுகிற பயணியிடம் மிஞ்சுவது அவன் உடம்புதான். எழுத்தை ஒலிக்கும் கால அளவான மாத்திரைக்குத் தொல்காப்பியம் சொல்லும் அளவு கண் இமைப்பதும் விரல் நொடிப்பதும். எந்த உலகத்துக்குப் போனாலும் கூடவே வரும் கருவி அது. மூச்சு, நாடி, வளரும் நகம், பெண்களுக்கு மாதக் கணக்கு. வாசல் கடந்து போகிறவர்கள் தங்கள் வயதை இப்படி உடம்பை வைத்து எண்ணுவார்கள் என்று நான் நம்புகிறேன். ஊரார் எண்ணும் வயது ஒன்று, உடம்பு எண்ணும் வயது இன்னொன்று. கல்யாணப் பேச்சில் எந்த வயதைச் சொல்வது என்று சண்டை வரும்.

வெறும் யோசனையாகச் சொல்லிவிட்டுப் போகாமல், ஓர் அலகை உங்கள் கண் முன்னாலேயே கட்டிப் பார்க்கிறேன். பிடித்திருந்தால் தாராளமாக எடுத்துக்கொள்ளுங்கள்.

இரண்டு உலகங்கள். நடுவில் ஒரு வாசல். அது தானாகத் திறந்து தானாக மூடும், யாராலும் கட்டுப்படுத்த முடியாது. ஒரு திறப்புக்கும் அடுத்த திறப்புக்கும் இடைப்பட்ட காலத்துக்குப் பெயர் 'திறவு'. வாசல் திறக்கும் கணம் இரண்டு பக்கத்தாரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கிறார்கள், அதனால் இத்தனை திறவு ஆயிற்று என்ற எண்ணிக்கையில் தகராறே வராது. இரண்டு உலகங்களுக்கும் பொதுவாக இருப்பது அது ஒன்றுதான். தகராறு உள்ளே இருக்கிறது. ஒரு திறவு இந்தப் பக்கம் 9 நாள், அந்தப் பக்கம் 40 நாள்.

இவ்வளவு போதும். இனி நீங்கள் எதையும் கற்பனை செய்ய வேண்டியதில்லை, கணக்குப் போட்டாலே போதும்.

ஒன்பது நாள் பக்கத்து வணிகர் இந்தத் திறப்பில் நெசவுக்கு ஆர்டர் கொடுக்கிறார். அடுத்த திறப்பில், அவருக்கு ஒன்பதே நாளில், நாற்பது நாள் உழைப்பு மூட்டையாக வந்து இறங்குகிறது. அங்கே 120 நாள் பயிர் போட்டால் இங்கே 27 நாளில் நெல் வந்துவிடும். கொஞ்ச காலத்தில் நாற்பது நாள் பக்கம் முழுக்க ஒன்பது நாள் பக்கத்துக்குப் பட்டறையாகவும் வயலாகவும் மாறிப்போகும். அங்கே மூன்று தலைமுறை நெசவாளிகள் வந்து போவார்கள், இங்கே வணிகர் அதே ஆளாக இருப்பார், தலை நரைத்திருக்கலாம். இதை எந்தக் கொடுங்கோலனும் திட்டமிட வேண்டாம். அலகே செய்துவிடும்.

கடன் வாங்கினால்? கொடுத்தவர் இந்தப் பக்கம், வாங்கியவர் அந்தப் பக்கம். வட்டியைக் கடன் கொடுத்தவர் பக்கத்து நாள் கணக்கில் போட்டால் வாங்கியவருக்கு மூச்சுவிட நேரம் கிடைக்கும். வாங்கியவர் பக்கத்து நாள் கணக்கில் போட்டால் அதே வட்டி நாலு மடங்குக்கு மேல் ஏறும். பத்திரத்தில் 'நாள்' என்ற சொல்லுக்கு முன்னால் எந்தப் பக்கத்து நாள் என்று எழுதாமல் விட்டவர் குடி முழுகிப்போவார். நீதிபதி "நூறு திறவு சிறை" என்று தீர்ப்பளித்தால், இந்தப் பக்கச் சிறையில் அது 900 நாள், இரண்டரை ஆண்டு. அந்தப் பக்கச் சிறையில் 4,000 நாள், ஏறக்குறைய 11 ஆண்டு. தீர்ப்பு ஒன்றுதான். எந்தச் சிறை என்று தீர்மானிக்கும் எழுத்தர் கையில்தான் தண்டனை இருக்கிறது. அந்த எழுத்தருக்கு லஞ்சம் கொடுக்கும் வரிசையை யாராவது எழுதுங்கள்.

வேலைக்குப் போகிறவர்களைப் பார்ப்போம். ஒரு வயதுக் குழந்தையை இந்தப் பக்கம் விட்டுவிட்டு ஒரு பெண் அந்தப் பக்கம் போகிறாள். முப்பது திறவு வேலை. அவளுக்கு 1,200 நாள், மூன்று ஆண்டுக்கு மேல். திரும்பி வரும்போது குழந்தைக்கு இன்னும் இரண்டு வயது நிறையவில்லை. ஊரார் "பரவாயில்லை, சீக்கிரம் வந்துட்டியே" என்பார்கள். அவள் மூன்று ஆண்டு அழுது தீர்த்தது யாருக்கும் தெரியாது. இதையே திருப்பிப் போடுங்கள். அந்தப் பக்கத்து அப்பா ஒருவர் இந்தப் பக்கம் வேலைக்கு வருகிறார். அதே முப்பது திறவு. அவருக்கு ஒன்பது மாதம்தான் ஆகியிருக்கும். வீட்டில் அவர் தவழ விட்டுவந்த குழந்தை ஓடிவந்து "யாரு நீங்க?" என்று கேட்கும். ஒரே வாசல், ஒரே எண்ணிக்கை, இரண்டு வேறு விதமான பிரிவு. எந்தப் பிரிவுக்கு அதிகக் கூலி கொடுப்பது? அவர்கள் உலகத்துத் தொழிற்சங்கம் எதற்காகப் போராடும்?

இன்னொன்று, எனக்கு மிகவும் பிடித்தது. அரைத் திறவு என்று ஒன்று கிடையாது. இந்தப் பக்கம் நாலரை நாள் ஆனபோது அந்தப் பக்கம் இருபது நாள் ஆகியிருக்கும் என்று நாம் நினைத்துக்கொள்ளலாம். ஆனால் வாசல் மூடியிருக்கும்போது எதுவும் கடந்து போகாது, அதனால் சரிபார்க்க வழியே இல்லை. வேலைக்குப் போன அந்தப் பெண் "இப்போ என் பிள்ளை தூங்கிக்கொண்டிருக்குமா?" என்று கேட்டால், அந்த 'இப்போ'வுக்கு மறுபக்கத்தில் எந்தக் கணமும் ஒதுக்கப்படவில்லை. இது நான் கிளப்பிய விசித்திரம் அல்ல. 1905இல் ஐன்ஸ்டைன் காட்டியது இதற்கு மிக அருகில் இருக்கிறது. தூரத்தில் உள்ள இரண்டு நிகழ்ச்சிகள் ஒரே நேரத்தில் நடந்தனவா என்பதற்கு எல்லாருக்கும் பொதுவான பதில் கிடையாது. 1971இல் அணுக் கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்ற வைத்தார்கள். தரையில் இருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டால், கிழக்கே போனவை நானோவிநாடிக் கணக்கில் பின்தங்கின, மேற்கே போனவை முந்தின. ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் நாளுக்குச் சுமார் 38 மைக்ரோவிநாடி முந்தும், அதைத் திருத்தித்தான் நம் போன் வழி காட்டுகிறது. நிலவில் வைக்கும் கடிகாரம் நாளுக்கு 50 மைக்ரோவிநாடிக்கு மேல் முந்தும். அதனால் நிலவுக்கென்று தனி நேரம் வகுக்கச் சொல்லி 2024இல் அமெரிக்க அரசு நாசாவிடம் கேட்டது. இரண்டு உலகங்களுக்கு இடையிலான அலகு என்பது இன்று அலுவலகக் கோப்பில் இருக்கிற விஷயம்.

செவ்வாயில் நாள் 24 மணி 39 நிமிடம் 35 விநாடி. 2004இல் இரண்டு ஊர்திகள் அங்கே இறங்கியபோது, அவற்றை இயக்கியவர்கள் பூமியில் இருந்துகொண்டே சில மாதம் செவ்வாய் நேரத்தில் வாழ்ந்தார்கள். ஒவ்வொரு நாளும் வேலை நேரம் சுமார் 40 நிமிடம் தள்ளிப்போகும். இந்த வாரம் காலையில் போனவர் அடுத்த வாரம் பிற்பகலில் போவார், அதற்கடுத்த வாரம் மாலையில்தான் போவார். செவ்வாய் நேரம் காட்டும் கைக்கடிகாரங்களைத் தனியாகச் செய்து வாங்கினார்கள். ஊர்திகள் இரண்டும் செவ்வாயின் எதிரெதிர்ப் பக்கங்களில் இருந்ததால் ஒன்றுக்குப் பகல் என்றால் மற்றதற்கு இரவு. வீட்டில் இருந்தவர்கள் எந்தக் கடிகாரத்தைப் பார்த்துச் சாப்பாடு எடுத்து வைத்திருப்பார்கள்? வேற்றுலகத்துக்குப் போகாமலேயே வேற்றுலக நேரம் ஒரு வீட்டுக்குள் வந்து உட்கார்ந்திருக்கிறது.

அதிகாரம் கையில் எடுத்தால் என்ன ஆகும் என்பதற்கும் உதாரணம் உண்டு. சோவியத் ஒன்றியம் 1929இல் ஏழு நாள் வாரத்தை நீக்கி ஐந்து நாள் சுழற்சியைக் கொண்டுவந்தது. தொழிற்சாலை ஒருநாளும் நிற்கக் கூடாது என்பதற்காகத் தொழிலாளர்களை ஐந்து பிரிவாக்கி, ஒவ்வொரு பிரிவுக்கும் வேறு நாளில் ஓய்வு கொடுத்தார்கள். கணவனுக்கு ஒரு நாள் ஓய்வு, மனைவிக்கு வேறொரு நாள். 1931இல் ஆறு நாளாக மாற்றினார்கள், 1940இல் பழைய ஏழு நாளே திரும்பி வந்தது. மிகுபுனைவில் பேரரசர்கள் மலையைப் பிளக்கிறார்கள், நகரத்தை எரிக்கிறார்கள். ஒரு சுற்றறிக்கையால் இருவரின் ஓய்வு நாளைப் பிரிக்கிற பேரரசரை நான் இன்னும் படிக்கவில்லை.

பெயரைப் பற்றி அதிகம் சொல்ல மாட்டேன். வாயில் நுழைகிற மாதிரி இருக்கட்டும், அவசரத்தில் கத்த முடிகிற மாதிரி இருக்கட்டும். ஒற்றை மேற்கோள் குறிக்குள் போடாமல் எழுதுங்கள், உங்கள் பாத்திரங்களுக்கு அது புதிய சொல் இல்லையே.

அட்டவணையைப் பற்றி மட்டும் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். '1 திறவு = 9 நாள் = 40 நாள்' என்று முதல் பக்கத்தில் அச்சிடாதீர்கள். அதை எங்களுக்குச் சொல்ல வேண்டியவர் வட்டிக்காரர், அல்லது சிறைக்குப் போகிறவரின் மனைவி. அட்டவணை உங்கள் மேசையில் இருக்கட்டும், கட்டாயம் இருக்க வேண்டும். ஒவ்வொரு பாத்திரத்துக்கும் ஒரு வரி: எந்தத் திறப்பில் எந்தப் பக்கம் இருந்தார், உடம்புக்கு என்ன வயது, ஊர்க் கணக்கில் என்ன வயது. தொடராக எழுதுகிறவர்களுக்கு இது இன்னும் முக்கியம். இருபதாவது அத்தியாயத்தில் அண்ணன் தம்பியைவிட இளையவனாகிவிட்டால், அது நீங்கள் வேண்டுமென்றே செய்ததா, கை தவறியதா என்று எங்களுக்குத் தெரிந்துவிடும். வேண்டுமென்றே செய்திருந்தால், அன்றைக்கு அந்த வீட்டில் யார் யாரை "அண்ணா" என்று கூப்பிட்டார்கள் என்பதையும் எழுதுங்கள். அந்த அத்தியாயத்துக்காகக் காத்திருக்கிறேன்.

அன்புடன்,
உங்கள் வாசகன்